விழாத பிள்ளை

அல்ஃபியா மாடிப்படியில் சுருண்டு விழுந்தது சனிக்கிழமை சாயங்காலம். ஞாயிற்றுக்கிழமை பொழுது விடிவதற்குள் அந்தத் தெருவில் எல்லோரும் டாக்டராகிவிட்டார்கள்.

தண்ணீர்த் தொட்டியில் பல்லி செத்துக் கிடக்கும் என்றார் ஒருவர். பள்ளிக்கூட வாசலில் வாங்கித் தின்கிற பானிபூரிதான் என்று இன்னொருவர் அடித்துச் சொன்னார். கண்ணேறு என்று சொன்னவர்கள் மூன்று மதத்திலும் இருந்தார்கள். கடைசியில் எல்லாப் பழியும் போய் விழுந்த இடம் டிவி.

காரணம் இல்லாமல் இல்லை. சனிக்கிழமை மதியம் வருகிற டாக்டர் தொடரில் அன்றைக்கு ஒரு விடுதிப் பிள்ளைகள் ஒருத்தி மாற்றி ஒருத்தி மயங்கி விழுந்தார்கள். என்ன நோய் என்று யாருக்கும் பிடிபடவில்லை. பெரிய டாக்டர் நெற்றியைத் தடவிக்கொண்டு நின்றார். அதைச் சின்னத்துரை வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து கண் கொட்டாமல் பார்த்த பிள்ளைகள் அன்றைக்கே அதே மாதிரி விழுந்தால் தெரு வேறு என்ன நினைக்கும்? நடிக்கிறதுகள் என்றார்கள். நடிக்கவில்லை, பயந்துவிட்டதுகள் என்றார்கள் இரக்கமுள்ளவர்கள்.

அல்ஃபியாவுக்குப் பிறகு, இரவில், தையல்கடைக்காரர் வீட்டு இரட்டைப் பெண்கள் இருவரும் வாந்தி எடுத்துத் துவண்டார்கள். மூன்று பேரையும் தேனியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். மூன்று பேரும் கிருபாராணியிடம் டியூஷன் படிக்கிறவர்கள்.

கிருபாராணியை இத்தனை வாரமாகத் தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள், புதிதாக வருகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. போடியில் ஏலக்காய் வியாபாரம் செய்கிற சின்னத்துரையின் மூத்த மருமகள் அவள். கணவன் பிரேம்சிங் சரக்கோடு டெல்லிக்குப் போயிருக்கிறான். கொழுந்தன் கிங்ஸ்லி போடிமெட்டுக்கு மேலே குத்தகைக்கு எடுத்த ஏலத் தோட்டத்தையும், அதற்கு ஆள் ஏற்றுகிற ஜீப்பையும் பார்த்துக்கொள்கிறான். நாத்தனார் ரெபேக்காள் ராசிங்காபுரத்துக்கு வாழப் போனவள். பிள்ளை இல்லை என்கிற பேச்சைக் கேட்டுக் கேட்டுச் சலித்துப்போய், சித்திரை மாதம் ஒரு டிரங்குப் பெட்டியோடு பிறந்த வீட்டுக்கே திரும்பிவிட்டாள்.

வந்த புதிதில் சோற்றைப் பிசைந்து வைத்துவிட்டு அப்படியே எழுந்து போய்விடுவாள். அவளை மறுபடி மனுஷியாக்கியது இந்த டியூஷன் பிள்ளைகள்தான். கிருபாராணியின் மகள் ஷைனி, பக்கத்துக் கடை அப்துல் ஹமீதின் மகள் அல்ஃபியா, தையல்கடை இரட்டையர், மலையிலிருந்து வந்து அத்தை வீட்டில் தங்கிப் படித்துவிட்டு வெள்ளிக்கிழமையானால் மேலே போய்விடுகிற பொன்மணி. அவ்வளவுதான் டியூஷன். சனிக்கிழமை வந்துவிட்டால் இருக்கிற பெண் பிள்ளைகளின் தலையெல்லாம் ரெபேக்காளுக்குச் சொந்தம். டிவி முன்னால் உட்கார வைத்து, சிக்கெடுத்து, பேன் பார்த்து, எண்ணெய் தேய்த்து, இழுத்துப் பின்னி அனுப்புவாள். அப்போது அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். அதைப் பார்ப்பதற்காகவே கிருபாராணி டிவியை அணைக்கச் சொல்வதில்லை.

நேற்று மட்டும் கிருபாராணி வீட்டில் இல்லை. சர்ச்சில் பெண்கள் சங்கக் கூட்டம், போய் வரச் சாயங்காலமாகிவிட்டது. தான் இல்லாத நேரத்தில் தன் வீட்டில் என்ன நடந்தது என்று தெரியாததுதான் அவளை அரித்தது.

காலையில் அவள் தேனிக்குக் கிளம்பி வெளியே வந்தபோது, கிங்ஸ்லி வாசலில் ஜீப்பின் பின் சீட்டைக் கழற்றிப் போட்டு வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தான்.

"நேத்து மேல போறப்ப ஒரு உருப்படி வளைவுக்கு வளைவு வாந்தி, மதினி," என்றான். "சீட்டெல்லாம் நாறுது. ஒரு நாளு சவாரி இல்லாட்டியும் இந்தச் சோலி முடியாது போல."

மலை ஜீப்பில் வாந்தி எடுக்காத நாள் எது? கிருபாராணி காதில் வாங்கிக்கொள்ளாமலே பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தாள். சர்ச் மணி அடித்துக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை அந்த மணிக்கு முதுகைக் காட்டி அவள் நடந்தது அதுதான் முதல் தடவை.

பஸ்சில் உட்கார்ந்தும் உட்கார்ந்த மாதிரி இல்லை. கைப்பையைத் திறந்தாள், மூடினாள், எதைத் தேடினோம் என்று மறந்துபோய் மறுபடி திறந்தாள். அல்ஃபியா அவளுடைய மாணவிகளில் கெட்டிக்காரி. இடுப்புக்குக் கீழே தொங்குகிற கூந்தல், கணக்கில் புலி, வாய் மட்டும் கொஞ்சம் நீளம். நோன்புக் கஞ்சி இந்த வீட்டுக்கு வரும், கிறிஸ்துமஸ் கேக் அந்த வீட்டுக்குப் போகும். கொண்டு போவதும் கொண்டு வருவதும் எப்போதும் அல்ஃபியாதான், வழியில் பாதியைத் தின்றுவிட்டுத்தான் கொண்டு வருவாள்.

ஆஸ்பத்திரியில் ஹமீது சுவரில் சாய்ந்து நின்றிருந்தார். அவர் மனைவி முபினா கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். துடைக்கத் துடைக்க நீர் வந்தது. ராத்திரி வீட்டிலிருந்து இங்கே வந்து சேரும்வரை மகளின் தலையை மடியில் வைத்திருந்தாளாம். அவளுக்கும் காலையிலிருந்து குமட்டல், அழுத களைப்பு என்று நர்ஸ் சொல்லிவிட்டுப் போயிருந்தாள்.

பிள்ளைகளைப் பார்த்த டாக்டர் ஒரு சின்ன வயதுப் பெண். இது நடிப்பும் இல்லை, பயமும் இல்லை என்று அவளுக்கு இரவே தெரிந்துவிட்டது. பிள்ளைகளின் கண்ணுக்கு நடுவில் இருக்கிற கறுப்புப் புள்ளி கடுகளவாகச் சுருங்கியிருந்தது. அதோடு வியர்வை, எச்சில், மூச்சில் களகளப்பு. பூச்சி மருந்து உடம்பில் ஏறினால்தான் இப்படி ஆகும். அதனால் முதல் கேள்வியாக அவள் ஹமீதிடம் கேட்டது, பிள்ளை மருந்து எதுவும் குடித்தாளா என்பது.

நம் பக்கத்தில் அந்தக் கேள்வி எப்படி விழும் என்று சொல்ல வேண்டியதில்லை. ஆறாவது படிக்கிற பிள்ளை எதற்கு மருந்து குடிக்கிறது என்று ஹமீது கத்தியதில் வராண்டாவே திரும்பிப் பார்த்ததாம்.

கிருபாராணி தன்னை டியூஷன் டீச்சர் என்று சொல்லிக்கொண்டு டாக்டரிடம் போனாள். தன் வீட்டில்தான் எல்லோரும் இருந்தார்கள் என்பதையும் மறைக்கவில்லை. டாக்டர் அவளை ஒரு நிமிஷம் பார்த்தாள்.

"மாத்து மருந்து போட்டா பிள்ளை தெளியுறா. கொஞ்ச நேரத்துல மறுபடி எறங்கிடுறா. வயித்தக் கழுவிப் பாத்தாச்சு, உடுப்ப மாத்தி உடம்பத் துடைச்சாச்சு. இன்னும் எங்க இருந்தோ உள்ள போயிட்டே இருக்கு. அது எங்க இருந்துன்னு தெரியணும்மா. தெரியலேன்னா நான் எவ்வளவு போட்டும் பத்தாது."

உள்ளே போய்ப் பார்க்க அனுமதித்தார்கள். அல்ஃபியா வாயில் குழாயோடு கிடந்தாள். நீளக் கூந்தலைச் சுருட்டி உச்சியில் முடிந்து வைத்திருந்தார்கள். கிருபாராணி குனிந்து நெற்றியைத் தடவினாள். ஏலக்காய் மணத்தது. போடிக்காரப் பிள்ளை வேறெப்படி மணக்கும்? அவளுக்கு அழுகைதான் வந்தது.

வெளியே வந்ததும் முபினா கேட்டாள். "ஷைனி எப்படி இருக்கா டீச்சர்?"

நன்றாக இருக்கிறாள் என்றாள் கிருபாராணி.

"அல்ஹம்துலில்லா," என்றாள் முபினா. கொஞ்சம் கழித்து, "எல்லாரும் உங்க வீட்டுலதான இருந்தாங்க. உங்க பிள்ளைக்கு மட்டும் ஒண்ணும் ஆகல," என்றாள்.

அதில் கோபம் இருந்தால்கூட பதில் சொல்லிவிடலாம். கோபமே இல்லை. ஹமீது மட்டும் சுவரிலிருந்து நகர்ந்து வந்து, டீச்சர் இப்போதைக்கு இங்கே நிற்க வேண்டாம் என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். இருபது வருஷம் பக்கத்துப் பக்கத்துக் கடையில் உட்கார்ந்த குடும்பம் அப்படித்தான் அவளைத் திருப்பி அனுப்பியது.

திரும்பும்போது பஸ்சில் நிற்கத்தான் இடம் கிடைத்தது. நல்லதாகப் போயிற்று, உட்கார அவளால் முடிந்திருக்காது. முபினா சொன்னதையே மனசு திரும்பத் திரும்பச் சொன்னது. உங்க பிள்ளைக்கு மட்டும் ஒண்ணும் ஆகல.

தெருவில் அதற்குள் தண்ணீர்த் தொட்டியைக் காலி செய்து கழுவிக்கொண்டிருந்தார்கள். உள்ளே பல்லி இல்லை, அதில் இரண்டு பேருக்கு வருத்தம்கூட. பானிபூரிக்காரன் வண்டியைத் தள்ளிக்கொண்டு ஊரைவிட்டே போய்விட்டானாம். கிருபாராணியைக் கண்டதும் பேச்சு நின்றது, அவள் வீட்டுக்குள் போனதும் மறுபடி தொடங்கியது.

ஷைனி கூடத்தில் தனியாக உட்கார்ந்திருந்தாள். கூட விளையாட ஆளில்லை, டிவியைப் போடவும் பயம். கிருபாராணி அவளை முன்னால் நிறுத்தி, நேற்று யார் என்ன தின்றார்கள், என்ன குடித்தார்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டாள். முறுக்கு, டீ, நெல்லிக்காய், உப்பு. எல்லாவற்றையும் ஷைனியும் தின்றிருந்தாள். ஒருத்தி கடித்ததை இன்னொருத்தி கடித்திருந்தாள். எதிலும் ஒரு வித்தியாசமும் இல்லை.

"விழுந்தவங்களப் பத்தியே கேக்குறீங்களேம்மா," என்றாள் ஷைனி. "நேத்து நாடகத்துல அந்த டாக்டர் சொன்னாரு. விழுந்தவங்கள விட்டுருங்க, விழாதவ ஒருத்தி இருப்பா, அவள என்கிட்ட கூட்டிட்டு வாங்கன்னாரு. அதோட தொடரும் போட்டுட்டாங்க."

விழாதவள் எதிரில்தான் நின்றுகொண்டிருந்தாள். போன வருஷம் டைபாய்டில் கிடந்து பிழைத்த பிள்ளை. அதற்காக நேர்ந்துகொண்டு போன மாதம்தான் வேளாங்கண்ணியில் முடி கொடுத்தார்கள். முளைத்தும் முளைக்காத முடியைச் சொறிந்துகொண்டு நின்றாள்.

கிருபாராணி அந்த மொட்டைத் தலையையே பார்த்தாள்.

நேற்று அத்தை எல்லோருக்கும் தலை பார்த்தாளா என்று கேட்டாள். பார்த்தார்கள் என்றாள் ஷைனி. குரலில் மனத்தாங்கல் இருந்தது.

"எனக்கு மட்டும் வைக்கல. மொட்டைக்கு எதுக்குடி பேன் மருந்துன்னுட்டாங்க. எல்லாருக்கும் எண்ணெய் தேச்சுத் துண்டு கட்டி விட்டாங்க. எனக்கு ஒண்ணுமில்ல."

ரெபேக்காள் அடுப்படியில் ஆஸ்பத்திரிக்குக் கொடுத்தனுப்பக் கஞ்சி காய்ச்சிக்கொண்டிருந்தாள். காலையிலிருந்து அவள் யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. கிருபாராணி எண்ணெய் பாட்டிலைக் கேட்டதும், எதற்கு என்றுகூடக் கேட்காமல் குளியலறை மாடத்திலிருந்து எடுத்து வந்து கொடுத்தாள். தேங்காய் எண்ணெய் பாட்டில். அடியில் இடித்த ஏலக்காய் விதை. மூடியைத் திறந்தால் ஏலக்காய் வாசனை தூக்கியது, அதற்கு அடியில் வேறொன்று, மருந்தடித்த நாளில் கிங்ஸ்லியின் சட்டையில் வருகிற நெடி.

போடியில் எந்த நெடியையும் ஏலக்காய் மூடிவிடும். ஆஸ்பத்திரியில் தன் கையில் மணத்ததும் இதுதான் என்று கிருபாராணிக்கு இப்போது புரிந்தது.

"இதுல என்ன கலந்தீங்க அண்ணி?"

ரெபேக்காளுக்குக் கோபம் வந்தது. அவள் ஒன்றும் புதுசாகச் செய்துவிடவில்லையாம். காய் எடுப்பு நேரத்தில் மேலே சமைத்துப் போடப் போயிருந்தபோது பார்த்தாளாம், மலைப் பெண்கள் எல்லோரும் பேனுக்கு அதைத்தான் வைக்கிறார்கள். மருந்தடித்து முடித்த டிரம்மில் அடியில் நிற்பதைக் கோழி இறகால் தொட்டு உச்சியில் ஒரு கோடு இழுப்பார்கள், ஒரு பேன் நிற்காது. அல்ஃபியாவைப் பேன் தலை என்று பள்ளிக்கூடத்தில் தனி பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்களாம். பிள்ளை இவள் மடியில் படுத்து அழுதிருக்கிறது. இரண்டே வாரத்தில் உன் தலையைக் கண்ணாடியாக்கித் தருகிறேன் என்று இவள் வாக்குக் கொடுத்திருக்கிறாள்.

"மருந்து வாசம் வரக் கூடாதுன்னு ஏலக்காய இடிச்சுப் போட்டேன். கெடுதலுக்கா செஞ்சேன்?" என்று கேட்டுக்கொண்டே அவள் முதல் தடவையாக நிமிர்ந்தாள்.

அவளுடைய கண்ணைக் கிருபாராணி பார்த்தாள். நடுவில் இருந்த கறுப்புப் புள்ளி கடுகளவு இருந்தது. கை நடுங்கிக்கொண்டிருந்தது. தேய்த்துவிட்ட கை அல்லவா?

கிருபாராணிக்குக் கோபமும் வந்தது, அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு அழ வேண்டும் போலவும் இருந்தது. இரண்டுக்கும் நேரமில்லை. கிங்ஸ்லியைக் கூப்பிட்டாள். ஜீப் சீட்டை வெயிலில் நிமிர்த்தி வைத்துவிட்டு ஈரக் கையோடு வந்தவன், பாட்டிலை மோந்து பார்த்துவிட்டு அக்காவைப் பார்த்தான்.

"செம்பருத்தியில மாவுப்பூச்சின்னுதான மருந்து கேட்ட?"

ரெபேக்காள் அடுப்பை அணைத்தாள்.

"அக்கா, மேல அவளுக தொட்டு வைக்கிறது டிரம்முல கலக்கின தண்ணி. ஒரு டிரம் தண்ணிக்கு ஒரு மூடி மருந்து ஊத்துவோம். அதையே தொடாதீகன்னு நான் சத்தம் போடுறது. நான் உனக்குக் கொண்டாந்து குடுத்தது கேன்ல இருந்து ஊத்தினது. கலக்காத சரக்கு."

எத்தனை மூடி ஊற்றினாய் என்று அவன் கேட்கவில்லை. அதற்குள் அவள் தரையில் உட்கார்ந்துவிட்டாள். மலைப் பெண்கள் செய்ததையே செய்தோம் என்று நினைத்துக்கொண்டிருந்தவளுக்கு, தான் செய்தது என்ன என்பது அப்போதுதான் விளங்கியது.

கிருபாராணி ஹமீதுக்குப் போன் போட்டாள். அவர் எடுக்காமல் துண்டித்தார். மறுபடி போட்டாள், மறுபடி துண்டித்தார். முபினாவின் எண்ணுக்குப் போட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது.

சின்னத்துரை சர்ச்சிலிருந்து வந்து செருப்பைக் கழற்றாமல் நிலைப்படியில் நின்றிருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று யாருக்கும் தெரியாது. வக்கீலிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் பேசலாம், இது போலீஸ் வரைக்கும் போகிற விஷயம், ஏற்கெனவே வாழாமல் வந்து நிற்கிற பிள்ளை என்று மெல்லிய குரலில் தொடங்கினார். அவர் கெட்டவர் இல்லை. மகளைப் பெற்றவர், அவ்வளவுதான்.

அந்தச் சமயத்தில் மறுமுனையில் முபினா எடுத்தாள். கிருபாராணி வாயைத் திறப்பதற்குள் ரெபேக்காள் எழுந்து வந்து அவள் கையிலிருந்து போனை வாங்கிக்கொண்டாள்.

"முபினா, நான் ரெபேக்காள். பிள்ளை தலையில நான் வச்ச எண்ணெயில பூச்சி மருந்து இருக்கு. டாக்டர்கிட்ட சொல்லு, தலையக் கழுவச் சொல்லு. வெரசாப் போ ஆத்தா. என்னைய அப்புறம் வையலாம்."

போனில் ஓடுகிற சத்தம் கேட்டது, கதவு திறக்கிற சத்தம் கேட்டது, முபினா யாரிடமோ மூச்சு வாங்கிக்கொண்டு சொல்வது கேட்டது. சின்னத்துரை நிலைப்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

கொஞ்ச நேரத்தில் டாக்டர் பேசினாள். கிருபாராணி போனைத் திரும்ப வாங்கி ஸ்பீக்கரில் போட்டாள். திட்டுவாள் என்று கிருபாராணி எதிர்பார்த்தாள். திட்டவில்லை. மூன்று பிள்ளைகளுக்கும் தலையைக் கழுவச் சொல்லியாகிவிட்டது, அல்ஃபியாவுக்கு முடியையே எடுத்துவிடப் போகிறோம், இவ்வளவு முடிக்குள் ஊறிக் கிடப்பதைக் கழுவிக்கொண்டிருக்க நேரமில்லை என்றாள். அம்மாவையும் சேர்த்துப் பார்க்க வேண்டும், மடியில் வைத்திருந்தவள். எண்ணெய் பாட்டிலும் மருந்துக் கேனும் வேண்டும். தேய்த்துவிட்டவரும் உடனே வர வேண்டும். எல்லாவற்றையும் சொல்லிவிட்டுக் கடைசியாக ஒன்று கேட்டாள்.

"இந்த மூணு பேரைத் தவிர வேற யாருக்காவது வச்சாங்களா?"

இல்லை என்று சொல்லத்தான் கிருபாராணி வாயெடுத்தாள். அதற்குள் ரெபேக்காள் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"பொன்மணி."

பொன்மணி வெள்ளிக்கிழமையே மலைக்குப் போயிருப்பாளே என்றாள் கிருபாராணி. வழக்கமாக அப்படித்தான்.

போகவில்லையாம். நாடக விளம்பரத்தில் மயங்கி விழுந்த பிள்ளைகள் பிழைக்கிறார்களா என்று பார்க்காமல் போக மாட்டேன் என்று அடம் பிடித்து அத்தை வீட்டிலேயே தங்கிவிட்டாளாம். முதலில் அவளுக்குத்தான் எண்ணெய் வைத்ததாம். சீக்கிரம் கிளம்புகிறவள் என்று. நாடகம் முடிந்ததும் கிங்ஸ்லியின் ஜீப்பில் ஏற்றி அனுப்பிவைத்திருக்கிறாள்.

எல்லோரும் கிங்ஸ்லியைப் பார்த்தார்கள். வாசலில் வெயிலில் நிமிர்த்தி வைத்த சீட்டிலிருந்து தண்ணீர் இன்னும் சொட்டிக்கொண்டிருந்தது.

"அடிவாரம் முந்தல் தாண்டுனதுமே எடுக்க ஆரம்பிச்சிட்டா, மதினி," என்றான் அவன். "வளைவுக்கு வளைவு எடுத்தா. ஜீப்புல எல்லாரும் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். மலையில பொறந்தவளுக்கு மலை ஒத்துக்கலையான்னு கேலி பண்ணுனேன். ஒரு எலுமிச்சம்பழத்தக் கையில குடுத்து மோந்துக்கிட்டே வான்னேன்."

பேசிக்கொண்டே அவன் சாவியை எடுத்துவிட்டான். பொன்மணியின் அப்பா சோலை வேலை செய்கிற தோட்டம் போடிமெட்டிலிருந்து இன்னும் மேலே, கேரளாப் பக்கம். அங்கே போன் எடுத்தால் எடுக்கும், இல்லாவிட்டால் இல்லை. சோலையின் எண்ணை கிருபாராணி அழுத்தினாள். தொடர்பு எல்லைக்கு வெளியே என்று ஒரு பெண் தமிழில் சொல்லிவிட்டு மலையாளத்திலும் சொன்னாள்.

ரெபேக்காள் சோப்பையும், கத்தரிக்கோலையும், ஒரு குடம் தண்ணீரையும் எடுத்துக்கொண்டு ஜீப்பில் ஏறினாள். அவளுடைய கை குடத்தைப் பிடிக்க முடியாமல் ஆடியது. நீங்கள் தேனிக்குத்தான் போக வேண்டும், உங்கள் உடம்பிலும் ஏறியிருக்கிறது, டாக்டர் சொன்னது காதில் விழவில்லையா என்று கிருபாராணி அவள் கையைப் பிடித்து இழுத்தாள்.

"நான் வச்சேன். நானே கழுவுறேன். விடு கிருபா."

பின் சீட்டு இல்லாத ஜீப்பின் தரையில், குடத்தைக் காலுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்தாள். கிங்ஸ்லி கிளப்பிக்கொண்டு போனான். தெரு விலகி வழிவிட்டது, ஏன் என்று தெரியாமலே.

கிருபாராணி பாட்டிலைப் பழந்துணியில் சுற்றி, ஒரு டப்பாவுக்குள் வைத்து மூடினாள். மாடியில் செம்பருத்திக்குப் பக்கத்தில் இருந்த மிச்ச மருந்தையும் அப்படியே எடுத்துக்கொண்டாள். இறங்கி வந்தபோது சின்னத்துரை வாசலில் ஸ்கூட்டரைக் கிளப்பி வைத்திருந்தார். வக்கீல் என்கிற பேச்சை அவர் மறுபடி எடுக்கவில்லை.

"ஏறும்மா. ஹமீது என்னைய அடிச்சாலும் சரி. அடி வாங்க நான் போகணும்ல."

தேனி ரோட்டில் எதிர்க்காற்று முகத்தில் அடித்தது. ஒரு கையால் டப்பாவை அணைத்துக்கொண்டு, மறு கையால் கிருபாராணி சோலையின் நம்பரையே அழுத்திக்கொண்டிருந்தாள். அந்த இரண்டு மொழிப் பெண்ணே திரும்பத் திரும்ப வந்தாள். திரும்பிப் பார்த்தால் மலை தெரிந்தது, மேகம் இறங்கியிருந்தது, அதற்குள் எங்கோ அந்த ஜீப் ஏறிக்கொண்டிருக்கும்.

பாலத்தைத் தாண்டும்போது மறுமுனையில் மணி அடித்தது. எடுத்தது சோலை இல்லை, பொன்மணியின் அம்மா சந்திரவல்லி. சந்தோஷக் குரல். டீச்சரே கூப்பிட்டதில் அவளுக்கு அப்படி ஒரு பெருமை. பொன்மணி எங்கே என்று கிருபாராணி கத்தியதை அவள் காற்றுச் சத்தம் என்று நினைத்துக்கொண்டாள்.

"உறங்குறா டீச்சர். நேத்து ஜீப்புல வாந்தி எடுத்த அசதி. இன்னும் எந்திரிக்கல. தலைக்கு ஊத்தலாம்டி வான்னு ராத்திரியே கூப்பிட்டேன், மாட்டேன்னுட்டா. ரெபேக்கா அத்தை வச்சு விட்ட எண்ணெய் வாசமா இருக்காம், திங்கக்கிழமை இப்படியே பள்ளிக்கூடம் போகணுமாம்."

எழுப்புங்கள் என்றாள் கிருபாராணி. தலையைக் கழுவுங்கள், இப்போதே எழுப்புங்கள் என்றாள். அவள் சொன்னதில் எவ்வளவு மேலே போய்ச் சேர்ந்தது என்று தெரியவில்லை. லைன் போய்விட்டிருந்தது.

அவள் மறுபடி அழுத்தினாள்.